முன்சீப் வேலை யாருக்கு?

1949 டிசம்பரில் சென்னை மாகாணத் தேர்வாணையம் மாவட்ட முன்சீப் பதவிக்கு விண்ணப்பம் கேட்டு அறிவிப்பு வெளியிட்டது. மொத்தம் 83 இடங்கள். யாருக்கு எத்தனை என்பது விண்ணப்பம் வருவதற்கு முன்பே முடிவாகியிருந்தது. ஹரிஜனங்களுக்கு 19, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 10, பிராமணரல்லாத மற்ற இந்துக்களுக்கு 32, பிராமணர்களுக்கு 11, கிறிஸ்தவர்களுக்கு 6, முஸ்லிம்களுக்கு 5. விண்ணப்பித்தவர்களில் வெங்கடரமணா என்ற பிராமணர் ஒருவர். இடம் கிடைக்காததால் அவர் நேரே டெல்லிக்குப் போய், அப்போதுதான் பிறந்திருந்த உச்ச நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்.

இதே பதவியின் முந்தைய கணக்கு ஒன்று இருக்கிறது. 1913ல் மாகாணத்தில் நிரந்தர மாவட்ட முன்சீப்புகள் 128 பேர். அவர்களில் 93 பேர் பிராமணர்கள், 25 பேர் பிராமணரல்லாத இந்துக்கள். மிச்சமிருந்த பத்து இடங்களில் முஸ்லிம்கள், கிறிஸ்தவர்கள், ஆங்கிலோ இந்தியர்கள் எல்லோரும் அடக்கம். மக்கள்தொகையில் பிராமணர்கள் நூற்றுக்கு மூன்று பேர் அளவில்தான் இருந்தார்கள்.

இந்த இரண்டு கணக்குகளுக்கும் நடுவே ஓடிய 36 ஆண்டுகளில்தான் அரசு வேலை பற்றிய தமிழ்நாட்டின் பார்வை உருவானது. வேலை கொடுக்கும் அதிகாரம் யார் கையில் இருக்க வேண்டும் என்பது ஒரு சண்டை. கொடுத்த வேலைகள் யார் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தன என்பது வேறு சண்டை. வேறு பல இடங்களில் முதலாவதைத் தீர்த்துவிட்டாலே போதும் என்று நினைத்தார்கள். சென்னையில் இரண்டும் சேர்ந்தே வந்தன, நீதிக்கட்சி என்ற ஒரே கட்சியின் ஆட்சியில், சில ஆண்டு இடைவெளியில்.

அதற்கு முந்தைய கச்சேரியைப் பார்த்தால்தான் காரணம் விளங்கும். கிழக்கிந்தியக் கம்பெனிக் காலத்துக் கலெக்டர் கச்சேரியில், அதாவது அலுவலகத்தில், வெள்ளைக்காரர் ஒருவரோ இருவரோ இருப்பார்கள். நிலவரிக் கணக்கு, உள்ளூர் மொழி, எந்த ஊரில் எவ்வளவு நிலுவை என்ற விவரம் எல்லாம் தலைமை எழுத்தரான சிரஸ்தாரின் தலைக்குள் இருக்கும். கலெக்டர் மாறுவார், சிரஸ்தார் மாறமாட்டார். குமாஸ்தா வேலை காலியானால் அவர் சொல்லும் ஆளுக்குத்தான் கிடைக்கும். அதற்காகவே உமேதுவார்கள் என்று ஒரு கூட்டம் கச்சேரித் திண்ணையில் காத்திருந்தது. சம்பளமில்லாமல் கணக்குப் பிரதி எடுத்து, மனு எழுதிக்கொடுத்து, வேலை பழகிக்கொண்டே காலியிடத்துக்காகக் காத்திருந்த இளைஞர்கள் இவர்கள். வருமானம் இல்லாமல் ஆண்டுக்கணக்கில் இப்படி உட்கார்ந்திருக்க எந்த வீட்டுப் பிள்ளையால் முடியும்? ஏற்கெனவே அந்தக் கச்சேரியில் மாமாவோ சித்தப்பாவோ சம்பளம் வாங்கும் வீட்டுப் பிள்ளையால்தான்.

குண்டூரில் இது எல்லை மீறியது. 1840களில் அந்த மாவட்டத்தின் வரி வருமானம் சரிந்துகொண்டே போக, வால்டர் எலியட் என்ற அதிகாரி விசாரிக்க அனுப்பப்பட்டார். மராத்தி பேசும் தேசஸ்த பிராமணக் குடும்பங்களின் உறவு வலை ஒன்று மாவட்ட நிர்வாகத்தையே கைக்குள் வைத்திருந்தது தெரியவந்தது. அமெரிக்க வரலாற்றாசிரியர் ராபர்ட் ஃப்ரைகன்பெர்க் இந்தக் கதையை 1965ல் தனிப் புத்தகமாகவே எழுதினார். கலெக்டர் போட்ட உத்தரவு கச்சேரி வாசலைத் தாண்டும்போது என்னவாக மாறியது என்பதை அதில் படித்தால், ஆங்கிலேயர் ஆட்சி என்று நாம் சொல்வதில் எவ்வளவு ஆங்கிலேயருடையது என்ற சந்தேகமே வந்துவிடும்.

வருவாய் வாரியம் 1850களின் தொடக்கத்தில் போட்ட 128ஆம் எண் நிலையாணை இந்த அனுபவத்தின் பிள்ளை. மாவட்டத்துச் சில்லறைப் பதவிகளைச் செல்வாக்குள்ள சில குடும்பங்களே சுருட்டிக்கொள்ளாமல் கலெக்டர்கள் பார்த்துக்கொள்ள வேண்டும், முக்கியப் பதவிகளைப் பல சாதியாருக்கும் பகிர்ந்து கொடுக்க முயல வேண்டும் என்று அது சொன்னது. அரசு வேலையில் எந்த வகுப்பாருக்கு எத்தனை என்று பார்க்கும் வகுப்புவாரி ஆணையை நீதிக்கட்சியின் கண்டுபிடிப்பாகவே பேசிப் பழகிவிட்டோம். அதற்கு எழுபது வருடம் முன்பே, சமூக நீதி என்ற எண்ணம் துளியும் இல்லாத வரிவசூல் அதிகாரிகள், கஜானா காலியாகிறதே என்ற கவலையில் அதே முடிவுக்கு வந்திருந்தார்கள். ஆணையை நிறைவேற்றியதும் அதே சிரஸ்தார்கள் என்பதால் பெரிதாக எதுவும் மாறவில்லை.

திறமை உள்ளவர்களுக்கும் யாரோ ஒருவரின் தயவு தேவைப்பட்ட காலம் அது. திருவாரூரில் மாதம் ஒரு ரூபாய் சம்பளத்துக்குக் கிராமக் கணக்கருக்கு உதவியாக இருந்த முத்துசாமி என்ற ஏழைப் பையனின் கெட்டிக்காரத்தனம் தாசில்தார் முத்துசாமி நாயக்கரின் கண்ணில் பட்டது. அவர் சென்னைக்கு அனுப்பிப் படிக்க வைத்தார். பையன் 1856ல் தரங்கம்பாடி முன்சீப் ஆனார். 1870களின் பிற்பகுதியில் சென்னை உயர் நீதிமன்றத்தின் முதல் இந்திய நீதிபதியாகவும் உட்கார்ந்தார். டி. முத்துசாமி ஐயரின் கதையை விடாமுயற்சிக்கு உதாரணமாகச் சொல்வார்கள். அந்தத் தாசில்தார் அன்று வேறு பக்கம் பார்த்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யாரும் கேட்பதில்லை.

லண்டனிலும் நிலைமை ஒன்றும் மேலாக இல்லை. கம்பெனி இயக்குநர்கள் தங்களுக்கு வேண்டிய வீட்டுப் பையன்களை நியமனம் செய்வார்கள். 1806 முதல் அந்தப் பையன்கள் ஹெய்லிபரி கல்லூரியில் படித்துவிட்டுக் கப்பலேறினார்கள். நியமனங்கள் காசுக்கு விற்கப்படுவதாகப் புகார் எழுந்து 1809ல் பிரிட்டிஷ் நாடாளுமன்றமே விசாரித்தது. 1853ஆம் ஆண்டுச் சட்டம் இந்தச் சலுகையைப் பறித்து, போட்டித் தேர்வைக் கொண்டுவந்தது. மெக்காலே குழு பாடத்திட்டம் வகுக்க, 1855ல் முதல் தேர்வு நடந்தது.

அந்தப் பாடத்திட்டம் பார்க்க வேண்டிய ஒன்று. மொத்தம் 6,875 மதிப்பெண். ஆங்கிலத்துக்கு 1,500, கிரேக்கத்துக்கு 750, லத்தீனுக்கு 750. சமஸ்கிருதத்துக்கும் அரபிக்கும் தலா 375. தமிழுக்கோ தெலுங்குக்கோ அதில் இடமே இல்லை. தேர்வு லண்டனில் மட்டும். விடைத்தாள் திருத்தியவர் ஒருதலையாக நடக்கவில்லை, யார் வேண்டுமானாலும் எழுதலாம். ஆனாலும் முதல் இந்தியர் தேறுவதற்கு 1863 ஆனது, சத்யேந்திரநாத் தாகூர். 1878ல் வயது வரம்பை 21லிருந்து 19ஆகக் குறைத்தார்கள். பத்தொன்பது வயதுக்குள் கடல் கடந்து போய் லத்தீன் எழுத வேண்டும் என்றால் எத்தனை இந்தியப் பையன்களால் முடியும்? இந்தியாவிலும் தேர்வு எழுதலாம் என்ற நிலை 1922ல்தான் வந்தது. இந்தியப் படித்த வகுப்பார், பெரும்பாலும் மேல்சாதியார், அரை நூற்றாண்டுக்கு மேல் வைத்த வாதம் இதுதான்: எல்லோருக்கும் ஒரே தேர்வு என்பதாலேயே அது நியாயமான தேர்வு ஆகிவிடாது. இருபதாம் நூற்றாண்டில் அதே வாதம் அவர்களை நோக்கியே திரும்பியது.

திருப்பியவர்களுக்கு எண்ணிக்கையைக் கொடுத்தவர் ஓர் ஆங்கிலேயர். 1913ல் அரசுப் பணிகளை ஆராய வந்த ராயல் கமிஷன் முன் அலெக்ஸாண்டர் கார்டியூ என்ற இந்திய சிவில் சர்வீஸ் (ஐ.சி.எஸ்.) அதிகாரி சாட்சி சொன்னார். மாகாண சிவில் சர்வீஸுக்கு 1892க்கும் 1904க்கும் இடையே நடந்த போட்டித் தேர்வுகளில் தேறிய 16 பேரில் 15 பேர் பிராமணர்கள். உதவிப் பொறியாளர்கள் 21 பேரில் 17 பேர். டெப்டி கலெக்டர்கள் 140 பேரில் 77 பேர். தேர்வே இல்லாத நீதித்துறையிலும் அந்த 128க்கு 93. தேர்வு வைத்தாலும் வைக்காவிட்டாலும் விடை ஒன்றாகவே வந்தது. 1911 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் தமிழ்ப் பிராமண ஆண்களில் பத்துக்கு ஏழு பேர் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள். பிராமணரல்லாத எந்தப் பெரிய சாதியும் அதன் பக்கத்தில்கூட வரவில்லை. ஆங்கிலேய அதிகாரிக்கு இதில் சொந்த லாபமும் இருந்தது. சுயாட்சி கேட்டுக்கொண்டிருந்தவர்கள் அந்தப் பதினைந்து பேரின் வர்க்கத்தார்தானே. நோக்கம் எதுவானாலும் கணக்கு பொய்யில்லை. 1916 டிசம்பரில் பிட்டி தியாகராயச் செட்டியார் வெளியிட்ட பிராமணரல்லாதார் அறிக்கை கார்டியூவின் எண்களைத்தான் ஆயுதமாக எடுத்துக்கொண்டது.

1920 தேர்தலில் நீதிக்கட்சி ஆட்சிக்கு வந்தது. 1921 செப்டம்பரில் முதல் வகுப்புவாரி ஆணை. அதில் இடப் பங்கீடு எதுவும் கிடையாது. நியமனங்களில் எந்த வகுப்பார் எத்தனை பேர் என்று துறைகள் ஆறு மாதத்துக்கு ஒருமுறை கணக்குக் கொடுக்க வேண்டும், அவ்வளவுதான். இன்று பார்க்க அற்பமாகத் தெரியும் இந்த ஏற்பாடு அலுவலகங்களில் கிளப்பிய எரிச்சல் கொஞ்சமல்ல. கணக்குக் கேட்பார்கள் என்று தெரிந்தால் கை தயங்கும். ஆனாலும் கணக்கு மட்டும் போதவில்லை. ஆள் எடுப்பவர் அந்தந்தத் துறைத் தலைவராகவே இருந்தார். அதனால் பனகல் அரசர் ஆட்சியில் 1924ல் பணியாளர் தேர்வு வாரியம் ஒன்று அமைந்தது. 1929ல் மாகாணச் சட்டமன்றம் தனிச் சட்டமே இயற்றி, ஒரு தலைவர், இரண்டு உறுப்பினர்களோடு சென்னை சர்வீஸ் கமிஷனை உண்டாக்கியது. இந்திய மாகாணங்களில் இப்படியொரு அமைப்பு இதுவே முதல். மற்ற மாகாணங்கள் 1935ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டம் கட்டாயப்படுத்தும் வரை காத்திருந்தன.

இதற்கிடையில் 1920களின் பிற்பகுதியில் எஸ். முத்தையா முதலியார் கொண்டுவந்த ஆணைதான் பங்கைத் தெளிவாக வகுத்தது. அவர் நீதிக்கட்சி அமைச்சரவையில் இருந்தவர் அல்லர், டாக்டர் சுப்பராயனின் சுயேச்சை அமைச்சரவையில் இருந்தார். பன்னிரண்டு இடங்கள் ஒரு சுற்று. அதில் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 5, பிராமணர்களுக்கு 2, முஸ்லிம்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியர், கிறிஸ்தவர்களுக்கு 2, ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு 1. சுற்று முடிந்தால் மறுபடி முதலிலிருந்து. தமிழ்நாட்டில் இன்று இனச்சுழற்சி என்று அரசு ஊழியர் ஒவ்வொருவரும் உச்சரிக்கும் ஏற்பாட்டின் ஆரம்பம் இங்கேதான். இதன் நுட்பம் விகிதத்தில் இருப்பதைவிட வரிசையில்தான் அதிகம். எந்த இடம் யாருக்கு என்பதை எந்த அதிகாரியின் மனநிலையும் தீர்மானிக்க முடியாது, பதிவேடு தீர்மானிக்கும்.

அந்தப் பன்னிரண்டைக் கொஞ்சம் உற்றுப் பார்த்தால் இன்னொன்றும் தெரியும். நூற்றுக்கு மூன்று பேரான பிராமணர்களுக்கு இரண்டு இடம், ஏறத்தாழ நூற்றுக்குப் பதினைந்து பேராவது இருந்த ஒடுக்கப்பட்டோருக்கு ஓர் இடம். ஆதிதிராவிடர் தலைவர் எம்.சி. ராஜா 1923லேயே நீதிக்கட்சியை விட்டு வெளியேறியதற்கு ஆதிதிராவிடர்களுக்குப் பங்கு கிடைக்கவில்லை என்ற கோபம்தான் முக்கியக் காரணம். பிராமணரல்லாதார் என்ற பெரிய பெட்டிக்குள்ளும் வேளாளரும் ரெட்டியும் கம்மாவும் முந்திக்கொள்ள, மற்ற சாதிகள் பின்தங்கின. அவர்கள் 1934ல் பிற்படுத்தப்பட்ட வகுப்பார் சங்கம் கண்டு தனிப் பங்கு கேட்டார்கள். கேட்டது கிடைக்கப் பதின்மூன்று ஆண்டுகள் ஆயின. 1947 நவம்பரில் ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார் ஆட்சியில் சுற்று பதினான்கு இடங்களாக விரிந்தது. அதில் பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, ஹரிஜனங்களுக்கு 2. 1949ஆம் ஆண்டு முன்சீப் அறிவிப்பு வந்தது இந்த ஆணையின் கீழ்தான்.

1951 ஏப்ரல் 9ஆம் தேதி உச்ச நீதிமன்றம் இரண்டு தீர்ப்புகளைத் தந்தது. ஒன்று ஊரறிந்த செண்பகம் துரைராஜன் வழக்கு, மருத்துவக் கல்லூரி இடம் பற்றியது. மற்றொன்று வெங்கடரமணாவின் வழக்கு. மேடைகளில் முதலாவதைப் பேசுகிறார்கள், இரண்டாவதை வழக்கறிஞர்கள்கூட அரிதாகவே நினைவுகூர்கிறார்கள். வேலை விஷயத்தில் சட்டம் என்ன சொன்னது என்பது இரண்டாவதில்தான் இருக்கிறது. ஹரிஜனங்கள், பிற்படுத்தப்பட்ட இந்துக்கள் ஆகியோருக்கான ஒதுக்கீட்டை அரசியலமைப்பின் 16(4) பிரிவு ஏற்கெனவே அனுமதிக்கிறது. மற்ற வகுப்புகளுக்குள் இடங்களைப் பங்கு பிரிப்பது செல்லாது என்றார்கள் நீதிபதிகள். வகுப்புச் சுழற்சியைப் பாராமல் தகுதியை மட்டும் பார்த்து வெங்கடரமணாவின் விண்ணப்பத்தை முடிவு செய்யும்படி அரசுக்கு உத்தரவாயிற்று.

சென்னை மாகாணம் கொதித்தது. பெரியார் இயக்கம் தெருவில் இறங்கியது. முதல் அரசியல் சட்டத் திருத்தம் வந்தது. அந்தத் திருத்தம் சேர்த்த 15(4) கல்விக்குத்தான் தேவைப்பட்டது, வேலைக்கான வழி தொடக்கத்திலேயே திறந்திருந்தது. எல்லோருக்கும் பங்கு என்ற பழைய முறை போய், பிற்பட்டோருக்கு 25 விழுக்காடு, பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 15, மிச்சம் பொது என்ற முறை வந்தது. அது வளர்ந்து 69 விழுக்காடு ஆனது தனிக் கதை, எல்லோருக்கும் தெரிந்த கதை.

நகரத்துக் கச்சேரிகளில் இத்தனை நடந்தும் கிராமத்துக்குள் எதுவும் நுழையவில்லை. அங்கே ஊர் அதிகாரியான மணியக்காரரும் கணக்கெழுதும் கர்ணமும் இருந்தார்கள். 1895ஆம் ஆண்டு சென்னைப் பரம்பரைக் கிராமப் பதவிகள் சட்டம், ஜமீன் மூத்த வாரிசுக்குப் போவதுபோலக் கிராமப் பதவியும் போகும் என்று எழுதிவைத்திருந்தது. வாரிசு சிறுவனாக இருந்தால் அவன் பெயரைப் பதிவு செய்துவிட்டு, வயது வரும் வரை வேறொருவர் வேலை பார்ப்பார். தொட்டிலில் கிடக்கும் குழந்தைக்கு அரசுப் பதவி காத்திருந்தது என்றால் இன்று நம்புவது கடினம். பட்டா, அடங்கல், வாரிசுச் சான்று, பிறப்பு இறப்புக் கணக்கு என்று ஓர் ஊரின் உயிர்நாடி முழுக்க ஒரே குடும்பத்தின் மரப்பெட்டியில் இருந்தது. கணக்குப்பிள்ளையைப் பகைத்துக்கொண்டவன் தன் நிலத்தை நிலமாகவே வைத்திருக்க முடியாது என்பது ஊர் வழக்கு.

இதை அசைத்த வழக்கும் குண்டூர் மாவட்டத்திலிருந்தே வந்தது. அங்கே ஓர் ஊர் இரண்டாகப் பிரிந்தபோது, புதிய கிராமத்தின் முன்சீப் வேலை தகுதி பார்த்து ஒருவருக்குக் கொடுக்கப்பட்டது. பழைய முன்சீப்பின் வாரிசு உரிமை கோரினார், ஆந்திர அரசும் அவர் பக்கம் சாய்ந்தது. (கிராம முன்சீப் வேறு, நீதிமன்ற முன்சீப் வேறு, பெயரில் மட்டும்தான் உறவு.) கிராமப் பதவியும் அரசுப் பணிதான், அதைப் பிறப்பை வைத்துக் கொடுப்பது 16ஆம் பிரிவுக்கு விரோதம் என்று 1960 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தமிழ்நாட்டில் பரம்பரைச் சட்டத்தை நீக்க 1968 வரை ஆனது. நீக்கிய பிறகும் இருந்தவர்கள் இருந்தபடியே இருந்தார்கள். 1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு ஓர் அவசரச் சட்டத்தால் பகுதிநேரக் கிராம அதிகாரிகள் பதவி முழுவதையும் ஒழித்தது. இருபதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு ஒரே நாளில் வேலை போனது. கணக்குப் புத்தகங்களைத் தாசில்தார்கள் வந்து வாங்கிப் போனார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது, 1982ல் அரசே வென்றது. கல்வித் தகுதி இருந்த பழைய அதிகாரிகளைப் பரிசீலித்து எடுத்துக்கொள்வதாக அரசு சொன்னது மட்டுமே அவர்களுக்குக் கிடைத்த ஆறுதல். அவர்கள் இடத்துக்கு வந்த கிராம நிர்வாக அலுவலரை (வி.ஏ.ஓ.) தேர்வாணையம் தேர்ந்தெடுத்தது. வெளியூர்க்காரர், மாற்றலாகிப் போகக்கூடியவர், சில ஊர்களில் அந்த ஊர்க் கணக்கை முதன்முதலாகத் தொட்ட தலித்.

எம்.ஜி.ஆர். செய்ததில் அரசியல் கணக்கும் இருந்தது, மனிதக் கஷ்டமும் இருந்தது. ஆனாலும் வகுப்புவாரி ஆணைகளுக்கு நிகராக வைத்துப் பேச வேண்டிய நடவடிக்கை அது. ஒரு தலைமைச் செயலக வேலை யாருக்குப் போகிறது என்பதைவிட, அடங்கலை யார் எழுதுகிறார் என்பது ஊருக்குள் பெரிய விஷயம்.

தேர்வும் சுழற்சியும் தவிர மூன்றாவதாக ஒரு நியாயமும் தமிழ்நாட்டில் நெடுங்காலம் நடைமுறையில் இருந்தது: பதிவு மூப்பு. வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்து, மூன்றாண்டுக்கு ஒருமுறை புதுப்பித்து, முறை வரும்போது அழைப்புக் கடிதம் பெறுவது. இடைநிலை ஆசிரியர்கள் ஆயிரக்கணக்கில் இப்படித்தான் வேலைக்கு வந்தார்கள். வயது நாற்பதைத் தாண்டியும் காத்திருந்தவர்கள் உண்டு. மூத்தவருக்கு முதலில் என்பது கிராமத்து மனசுக்குச் சரியாகவே பட்டது. வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியலை மட்டும் நம்பாமல் விளம்பரமும் செய்ய வேண்டும் என்று 1996ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2012ல் ஆசிரியர் தகுதித் தேர்வு வந்ததும் அந்த வரிசை கலைந்தது. இருபது வருடம் நின்றவரும் நேற்றுப் படிப்பை முடித்தவரும் ஒரே அறையில் உட்கார்ந்து எழுதினார்கள்.

வி.ஏ.ஓ. தேர்வைக் குரூப் 4 தேர்வோடு இணைத்து 2018ல் நடத்தினார்கள். 9,351 இடங்களுக்கு 20 லட்சத்துக்கும் அதிகமான விண்ணப்பங்கள் வந்தன. அடுத்த குரூப் 4 தேர்வு 2019 செப்டம்பர் 1ஆம் தேதி நடந்தது. முடிவு வந்தபோது முதல் நூறு இடங்களில் 39 பேர் ராமேஸ்வரம், கீழக்கரை ஆகிய இரண்டே மையங்களில் எழுதியவர்கள். கார்டியூவின் கணக்கைப் போலவே இதையும் காட்டிக்கொடுத்தது எண்ணிக்கைதான். விசாரித்தபோது கொஞ்ச நேரத்தில் அழிந்துவிடும் மையால் விடை குறித்து, பிறகு விடைத்தாள் கட்டு போகும் வழியில் வேறு விடைகளை நிரப்பியது வெளிவந்தது. 2020 ஜனவரியில் 99 பேருக்குத் தேர்வாணையம் வாழ்நாள் தடை விதித்தது.

அதற்குப் பிறகு தேர்வறையில் சில புதிய சடங்குகள் சேர்ந்தன. விடைத்தாளில் இடது கைப் பெருவிரல் ரேகை வைக்க வேண்டியிருந்தது. ஒவ்வொரு கேள்விக்கும் ஐந்தாவதாக ‘விடை தெரியவில்லை’ என்று ஒரு வட்டம் வந்தது. தெரியாத கேள்வியை வெறுமனே விட முடியாது, அந்த வட்டத்தைக் கறுப்பு மையால் நிரப்ப வேண்டியிருந்தது. எந்த எழுத்துக்கு எத்தனை வட்டம் நிரப்பினோம் என்று எண்ணி, மொத்தத்தையும் தேர்வரே தம் கையால் எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் எழுந்திருக்க வேண்டியிருந்தது.